கிண்டிக் காட்டுக்கு என்ன விலை?



இந்த முறை கொஞ்சம் பெரிய கட்டுரை. டீயோ காபியோ பக்கத்தில் வைத்துக்கொண்டு படிக்க ஆரம்பிக்கலாம் :-)

போன செமஸ்டரில் ஒரு நாள் வகுப்பில் 'ஆப்பர்ச்சுனிட்டி காஸ்ட்' நடத்திக்கொண்டிருந்தார்கள். ஒரு பொருளை ஒரு வேலைக்குப் பயன்படுத்தும்போது, அதே பொருளை வைத்துச் செய்திருக்கக்கூடிய வேறு நல்ல வேலையைக் கைவிடுகிறோம் அல்லவா, அந்தக் கைவிட்ட லாபம்தான் அது. தமிழில் வாய்ப்புச் செலவு. எடுத்துக்காட்டு சொல்லச் சொன்னார்கள். பின் பெஞ்சில் இருந்து என் நண்பன் எழுந்தான். "கிண்டி பார்க் சார். ஊருக்கு நட்ட நடுவுல அறுநூறு ஏக்கர் சும்மா கிடக்குது."

வகுப்பே சிரித்தது. ஆனால் அவன் விளையாட்டுக்குச் சொல்லவில்லை. நோட்டில் கணக்கே போட்டு வைத்திருந்தான். பரப்பளவு 270.57 ஹெக்டேர். ஏக்கரில் 668. ஒரு ஏக்கருக்கு 43,560 சதுர அடி. சதுர அடி வெறும் பத்தாயிரம் ரூபாய் என்று ஒரு பேச்சுக்கு வைத்துக்கொண்டாலும் (அந்த ஏரியாவில் அந்த விலைக்குக் கேட்டால் புரோக்கர் போனை வைத்துவிடுவார்) மொத்தம் 29 ஆயிரம் கோடிக்கு மேல் வருகிறது.

என்னால் பதில் சொல்ல முடியவில்லை. நான் வேளச்சேரிக்காரன். அந்தக் காட்டைச் சுற்றித்தான் தினமும் பஸ்ஸில் போய் வருகிறேன். எங்கள் தாத்தா அந்தக் காட்டில் வேலை பார்த்தவர் (அந்தக் கதை பின்னால் வருகிறது). அப்படியிருந்தும் "காடு முக்கியம்டா" என்பதைத் தாண்டி ஒரு வார்த்தை வரவில்லை. அந்த வெட்கத்தில் படிக்க ஆரம்பித்ததுதான் இந்தக் கட்டுரை.

கணக்குக்கு முன்னால் கல்

முதலில் நிலத்திலிருந்து தொடங்குவோம். கிண்டி, பரங்கிமலை, பல்லாவரம் பக்கம் வீடு கட்ட அஸ்திவாரம் தோண்டினால் கருநீல நிறத்தில் ஒரு பாறை வரும். கடப்பாரை எகிறும். இதற்கு சார்னோகைட் என்று பெயர். இந்தப் பெயருக்குப் பின்னால் ஒரு வேடிக்கை இருக்கிறது. கல்கத்தா நகரத்தோடு சேர்த்துச் சொல்லப்படும் ஜாப் சார்னாக் என்ற கிழக்கிந்தியக் கம்பெனிக்காரரின் கல்லறைக் கல், நம்ம ஊர்ப் பக்கத்துப் பாறையில் செய்தது. தாமஸ் ஹாலண்ட் என்ற புவியியலாளர் 1893இல் அந்தக் கல்லைப் பார்த்துத்தான் பாறைக்கே சார்னோகைட் என்று பேர் வைத்தார். கல் பல்லாவரத்துக் கல், பேர் மட்டும் கல்கத்தாக்காரருடையது!

இந்த வட்டாரத்தில் மனிதன் எத்தனை காலமாக நடமாடுகிறான் என்பதற்கும் பல்லாவரம்தான் சாட்சி. 1863ஆம் ஆண்டு மே மாதம் ராபர்ட் புரூஸ் ஃபூட் என்ற புவியியலாளர் அங்கே ஒரு கல்லைக் கையில் எடுத்தார். கற்கால மனிதன் செதுக்கிய கருவி அது. இந்தியாவில் பழைய கற்கால மனிதர்கள் வாழ்ந்தார்கள் என்ற ஆராய்ச்சியே அந்த ஒரு கல்லிலிருந்துதான் ஆரம்பித்தது. கிண்டியிலிருந்து பல்லாவரம் மின்சார ரயிலில் சில ஸ்டேஷன் தூரம்தான். ஆக, மெட்ராஸ் என்ற ஊர் வருவதற்கு எத்தனையோ ஆயிரம் வருஷம் முன்பே இந்தப் பக்கம் ஆள் நடமாட்டம் இருந்திருக்கிறது.

அந்தப் பாறைக்கு மேலே வளர்ந்த காடு என்ன மாதிரியானது? காடு என்றதும் நமக்கு டாப்சிலிப், முதுமலை மாதிரி வானுயர்ந்த மரங்கள் நினைவுக்கு வரும். கிண்டிக் காடு அப்படி இல்லை. இதற்கு உலர் பசுமைமாறாக் காடு என்று பெயர். பெயரிலேயே ஒரு முரண்பாடு இருக்கிறது, கவனித்தீர்களா? மழை குறைந்த இடத்துக் காடுகள் பொதுவாகக் கோடையில் இலையை உதிர்த்துவிட்டு மொட்டையாக நிற்கும். ஆனால் சோழமண்டலக் கடற்கரையில் மழை தென்மேற்குப் பருவத்தில் கொஞ்சம், அக்டோபர் முதல் டிசம்பர் வரை கொட்டித் தீர்ப்பது மீதி. அதற்கப்புறம் மாதக்கணக்கில் வெயில். இந்த ஊர் மரங்கள் இதற்கு ஒரு வழி கண்டுபிடித்தன. உயரமாக வளராது. இலைகள் சின்னதாக, தடிப்பாக, தோல் போல இருக்கும், தண்ணீரை லேசில் விடாது. அதனால் ஏப்ரல், மே வெயிலிலும் பச்சையாகவே நிற்கும். நடுவில் களா, சூரை என்று முள் செடிகள் பின்னிக் கிடக்கும். அழகான காடு என்று சினிமாக்காரர்கள் டூயட் எடுக்க வரமாட்டார்கள்!

இந்த வகைக் காடு இந்தியாவில் இந்தக் கடற்கரையை ஒட்டித்தான் பெரும்பாலும் இருந்தது. விவசாயம், விறகு, ஊர்கள் என்று போய் இன்று மிச்சம் இருப்பதெல்லாம் துண்டு துக்காணிதான். புதுச்சேரி, கடலூர்ப் பக்கம் அய்யனார் கோயில்களைச் சுற்றி இருக்கும் கோயில் காடுகளில் கொஞ்சம் தப்பியிருக்கிறது. சாமிக்குப் பயந்து யாரும் வெட்டவில்லை. அப்படிப்பட்ட காட்டில் ஒரு பெரிய துண்டு, லட்சக்கணக்கான ஆட்கள் வாழும் ஒரு நகரத்துக்கு நடுவில் தப்பி நிற்கிறது என்றால், அதை யார் காப்பாற்றினார்கள்?

பதில் கொஞ்சம் சங்கடமானது. கவர்னர்கள்!

துரைமார் தோட்டம்

கோட்டைக்குள் வெயிலிலும் புழுக்கத்திலும் வாடிய கம்பெனி துரைகளுக்கு ஊருக்கு வெளியே காற்றாட ஓர் இடம் தேவைப்பட்டது. அப்படித்தான் கிண்டி லாட்ஜ் என்ற தோட்ட வீடு வந்தது. அது சில கைகள் மாறி, 1821இல் 35,000 ரூபாய்க்கு அரசாங்கத்தின் கைக்கு வந்தது. அப்போது மெட்ராஸ் கவர்னர் சர் தாமஸ் மன்றோ (தீவுத்திடலில் சேணம் இல்லாத குதிரையில் உட்கார்ந்திருப்பவர்தான்). ஊருக்குள் இப்போதைய ஓமந்தூரார் தோட்டத்தில் கவர்னருக்கு மாளிகை இருந்தது. கிண்டி அவருக்கு வார இறுதி வீடு. சுதந்திரத்துக்குப் பிறகுதான் கிண்டியே நிரந்தர ஆளுநர் மாளிகை ஆனது.

வீட்டைச் சுற்றி இருந்த காடு வேட்டைக்கு. கவர்னரும் அவருடைய விருந்தாளிகளும் குதிரையில் போக, துப்பாக்கி சுட. அதனால் மற்றவர்கள் உள்ளே வரக்கூடாது. விறகு வெட்டக்கூடாது, மாடு மேய்க்கக்கூடாது. ஒரு சிலருடைய பொழுதுபோக்குக்காக மற்ற எல்லோரையும் வெளியே நிறுத்தியதால் காடு பிழைத்தது. கோயில் காட்டைச் சாமி பயம் காப்பாற்றியது என்றால் கிண்டிக் காட்டைச் சர்க்கார் பயம் காப்பாற்றியது. இதைச் சொல்லும்போது பெருமையாக இல்லை. ஆனால் நடந்தது அதுதான்.

காட்டுக்குள் காத்தான் கொல்லை என்று ஒரு ஏரி இருக்கிறது. இன்னொன்று அப்பளங்குளம். கொல்லை என்றால் நம்ம பக்கம் புன்செய் நிலம் என்றும் பொருள் உண்டு. காத்தான் என்று யாரோ ஒருவர் என்றைக்கோ அங்கே கம்போ கேழ்வரகோ விதைத்திருப்பாரோ என்று எனக்கு ஒரு நினைப்பு. இது என் கற்பனைதான், சரித்திரம் இல்லை. ஆனால் கவர்னர் வருவதற்கு முன்னால் அங்கே யாருமே இல்லை என்று நினைத்துவிடக் கூடாது என்பதற்காகச் சொல்கிறேன். கவர்னர்களின் பேர்கள் புத்தகத்தில் இருக்கின்றன. காத்தானின் பேர் தண்ணீரில் இருக்கிறது.

1910இல் இந்த இடம் 505 ஹெக்டேர் பரப்பளவில் காப்புக் காடாக ஆனது. இந்த எண்ணை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள், பிறகு தேவைப்படும்.

பி.காம் மூளை சும்மா இருக்குமா? 35,000 ரூபாயை 1821இல் ஐந்து சதவீதக் கூட்டு வட்டிக்குப் போட்டிருந்தால் இருநூறு வருஷத்தில் எவ்வளவு ஆகியிருக்கும் என்று போட்டுப் பார்த்தேன். சுமார் 60 கோடி. நண்பனின் விலைப்படி அந்த 60 கோடிக்கு இன்று 25 கிரவுண்டுதான் வரும். கூட்டு வட்டியை விட வேகமாக ஏறுவது மெட்ராஸ் மனை விலை ஒன்றுதான் போல.

நல்ல காரணங்களின் பட்டியல்

1947க்குப் பிறகு நாடு நம்முடையது. காடும் நம்முடையது. இங்கேதான் கதை சிக்கலாகிறது.

காந்தி மண்டபம் 1956இல் திறக்கப்பட்டது. 1959இல் மேற்கு ஜெர்மனியின் உதவியோடு ஐ.ஐ.டி. தொடங்கியது. அதற்கான நிலத்தில் பெரும் பகுதி இந்தக் காட்டிலிருந்து போனது. நேருவின் விருப்பப்படி குழந்தைகளுக்காக ஒரு பூங்கா வந்தது. 1972இல் மறைந்த ராஜாஜிக்கும் 1975இல் மறைந்த காமராஜருக்கும் நினைவிடங்கள் எழுந்தன. 1961க்கும் 1977க்கும் இடையில் மட்டும் சுமார் 172 ஹெக்டேர் காடு, கல்வி நிறுவனங்களுக்கும் நினைவிடங்களுக்கும் என்று பல துறைகளின் கைக்கு மாறியது.

இந்தப் பட்டியலை மறுபடி படித்துப் பாருங்கள். கல்லூரி, பிள்ளைகள் விளையாட ஓர் இடம், மறைந்த தலைவர்களுக்கு மரியாதை. இதில் எதை வேண்டாம் என்று சொல்வீர்கள்? எனக்குச் சொல்லத் தெரியவில்லை. எனக்கு பிளஸ் டூவில் கணக்கு நன்றாக வந்திருந்தால் நானே அந்த ஐ.ஐ.டி. வளாகத்துக்குள் போயிருப்பேன், பெருமைப்பட்டிருப்பேன்.

ஆனால் ஒரு வீட்டு வரவு செலவை நினைத்துப் பாருங்கள். பேங்கில் ஒரு சேமிப்பு இருக்கிறது. பையனுக்குக் காலேஜ் ஃபீஸ் என்று கொஞ்சம் எடுக்கிறோம். ஆஸ்பத்திரிச் செலவு என்று கொஞ்சம். கல்யாணம், காதுகுத்து என்று கொஞ்சம். ஒவ்வொரு தடவையும் காரணம் நியாயமானது. ஒவ்வொன்றுக்கும் வவுச்சர் இருக்கிறது. ஆடிட்டர் குறை சொல்ல முடியாது. கடைசியில் பாஸ்புக்கைப் பார்த்தால் பாதியைக் காணோம்.

1978இல் மிச்சம் இருந்ததை தேசியப் பூங்காவாக அறிவித்தார்கள். 270.57 ஹெக்டேர். 1910இல் 505. போனது 234 ஹெக்டேர், அதாவது 46 சதவீதம். துரைகளிடமிருந்து நமக்கு வந்த அந்தக் காட்டை யாரும் திருடவில்லை. நல்ல காரியங்களுக்காகவே செலவு செய்து தீர்க்கப் பார்த்தோம். 1978இல் அந்தப் பாஸ்புக்கை வாங்கிப் பீரோவில் வைத்துப் பூட்டியவர்களுக்கு நாம் கடன்பட்டிருக்கிறோம். இந்தியாவின் மிகச் சிறிய தேசியப் பூங்காக்களில் இதுவும் ஒன்று. மூன்று சதுர கிலோமீட்டர் கூட இல்லை.

பாம்பு பிடிப்பவர்கள்

பூங்காவின் ஓரத்தில் இருக்கும் பாம்புப் பண்ணைக்கு நம்மில் பாதிப் பேர் பள்ளிக்கூட டூரில் போயிருப்போம். ரோமுலஸ் விட்டேகர் என்பவர் 1969இல் தாம்பரம் பக்கம் சேலையூரில் ஆரம்பித்து, 1972இல் கிண்டிக்குக் கொண்டு வந்தார். அவர் பாம்புகளைப் பற்றிக் கற்றுக்கொண்டது பெரும்பாலும் செங்கல்பட்டு வட்டார இருளர்களிடம். தரையில் ஒரு தடத்தை வைத்தே எந்தப் பாம்பு, எப்போது போனது என்று சொல்லும் ஆட்கள் அவர்கள்.

அந்தக் காலத்தில் இருளர்களின் பிழைப்பு பாம்புத் தோல். 1972இல் வன உயிரினப் பாதுகாப்புச் சட்டம் வந்தது. தோல் வியாபாரம் நின்றது. பாம்புக்கு நல்லது. இருளர் வீட்டு அடுப்புக்கு? பாம்பைப் பாதுகாக்கும் சட்டம் பாம்பை அறிந்தவனைப் பட்டினி போட்டது. இதற்கு வழியாக 1978இல் இருளர் பாம்பு பிடிப்போர் கூட்டுறவுச் சங்கம் உருவானது. பாம்பைப் பிடித்து, விஷத்தை எடுத்துவிட்டு, உயிரோடு திரும்பக் காட்டில் விடுவது. அந்த விஷம் விஷமுறிவு மருந்து தயாரிக்கப் போகிறது. வடநெம்மேலியில் இந்தச் சங்கத்தைப் பார்க்கலாம். இருளர்களான வடிவேல் கோபாலுக்கும் மாசி சடையனுக்கும் 2023இல் பத்மஸ்ரீ விருது கிடைத்தது.

கிண்டிக் காடு தேசியப் பூங்கா ஆனதும் அதே 1978 என்பது தற்செயல்தான். ஆனால் எனக்கு இரண்டையும் சேர்த்துப் பார்க்கத் தோன்றுகிறது. ஓர் இடத்தைப் பாதுகாப்பது என்றால் ஆட்களை வெளியே நிறுத்துவது என்பதே கவர்னர் காலத்து வழி. அறிந்தவர்களை வைத்தே பாதுகாப்பது இன்னொரு வழி. இரண்டாவது வழியும் நடக்கும் என்று இருளர்கள் காட்டிவிட்டார்கள்.

தாத்தா கட்டிய சுவர்

எங்கள் தாத்தா கொத்தனார். விழுப்புரம் பக்கத்திலிருந்து இளவயதில் மெட்ராஸுக்கு வந்தவர். 1980களின் கடைசியில் பூங்காவுக்கும் ஆளுநர் மாளிகைக்கும் ஐ.ஐ.டி.க்கும் நடுவில் சுவர் எழுப்பினார்கள். அதில் சில மாதம் தாத்தாவும் வேலை பார்த்தார். ஒரு மேஸ்திரியிடம் தினக்கூலி.

இந்தக் கட்டுரைக்காக அவரிடம் கேட்டேன். எண்பதைத் தாண்டிவிட்டார், காது கொஞ்சம் மந்தம். சத்தமாகக் கேட்க வேண்டியிருந்தது.

"தாத்தா, கிண்டில செவுரு கட்டினீங்களே, அப்போ மானெல்லாம் பாத்தீங்களா?"

"பாக்காம? காலையில நாங்க போறதுக்குள்ள வந்து நிக்கும். அதுங்க போற வழி அது. நாங்க வரிசை வரிசையா ஏத்திக்கிட்டே வந்தோம். முதல்ல தாண்டிச்சு. அப்புறம் வந்து பாத்துட்டு நிக்கும். கொஞ்ச நேரம் நின்னுட்டுத் திரும்பிப் போயிடும்."

"உங்களுக்கு ஒண்ணும் தோணலையா?"

"என்னடா தோணும்? கூலி குடுக்கிறான், கட்டுறோம்." கொஞ்ச நேரம் பேசாமல் இருந்தார். பிறகு அவரே, "செவுரு இல்லாட்டி அந்த எடத்துல இந்நேரம் பிளாட்டு வந்திருக்கும்டா" என்றார்.

தாத்தா சொன்ன இரண்டுமே சரி என்பதுதான் படிக்கப் படிக்கத் தெரிந்தது.

பூங்காவில் இரண்டு வகை மான் இருக்கிறது. ஒன்று வெளிமான். ஆணுக்கு முறுக்கிய கொம்பும் கறுத்த முதுகும் இருக்கும். பேரிலேயே இருக்கிறது, வெளியில், அதாவது புல்வெளியில் வாழ்கிற மான். கோடியக்கரை, வல்லநாடு என்று தமிழ்நாட்டுச் சமவெளிகளில் வாழும் இனம். தூரத்திலேயே எதிரியைப் பார்த்து ஓடித் தப்பிப்பது அதன் வழக்கம். அதற்கு வெட்டவெளி வேண்டும். கிண்டியில் அதற்குப் பிடித்த இடம் போலோ மைதானம் என்ற புல்வெளி. துரைமார் குதிரையில் போலோ விளையாடிய இடம்!

இன்னொன்று புள்ளிமான். 1945க்கு முன்னால் கிண்டியில் புள்ளிமான் இருந்ததாகப் பதிவே இல்லை. பின்னால் கொண்டுவந்து விட்டது. அது மர நிழலிலும் புதர் ஓரத்திலும் வாழும், கிடைத்ததை மேயும், வேகமாகப் பெருகும். இன்று எண்ணிக்கையில் வெளிமானைவிடப் பல மடங்கு அதிகம். இங்கே சிறுத்தை கிடையாது. குள்ளநரி குட்டிகளைத் தூக்கும், தெருநாய்கள் உள்ளே புகுந்தால் கடித்துக் குதறும், அவ்வளவுதான். புல்வெளியில் புதர் மண்ட மண்ட புள்ளிமானுக்கு இடம் கூடுகிறது, வெளிமானுக்குக் குறைகிறது. அதனால் வெளிமான் வாழ வேண்டும் என்றால் மனிதன் போய்ப் புதரை வெட்டி புல்வெளியைத் திறந்து வைக்க வேண்டும். "காட்டை அது பாட்டுக்கு விட்டுவிடுங்கள்" என்று சொல்ல முடியாத நிலை. சுற்றிலும் நகரம் வந்தபிறகு காடு ஒரு தீவு. தீவுக்குக் காவல்காரன் தேவை.

சுவரின் மறுபக்கம் இதுதான். முன்பு பூங்காவில் இருந்த கூட்டமும் ஐ.ஐ.டி. பக்கம் இருந்த கூட்டமும் கலந்தன. இப்போது சுவருக்கு இந்தப் பக்கம் ஒரு சின்னக் கூட்டம், அந்தப் பக்கம் இன்னொரு சின்னக் கூட்டம். சின்னக் கூட்டம் சொந்தத்துக்குள்ளேயே இனம் பெருக்கினால் தலைமுறை போகப் போக வலு குறையும். ஒரு நோய் வந்தால் மொத்தமாகப் போகவும் கூடும். சுவர் காட்டை மனிதரிடமிருந்து காப்பாற்றியது. மானை மானிடமிருந்து பிரித்தது.

பூங்காவுக்குள் 350க்கும் மேற்பட்ட வகைத் தாவரங்கள் இருக்கின்றன. மரநாய், புனுகுப்பூனை, கீரி, முயல், நட்சத்திர ஆமை என்று நாம் அண்ணா சாலை சிக்னலில் நிற்கும்போது நினைத்தே பார்க்காத ஆட்கள் சில கிலோமீட்டர் தள்ளிக் குடித்தனம் நடத்துகிறார்கள்.

தண்ணீர்க் கணக்கு

2015 டிசம்பர் 1. எனக்கு அப்போது பதினொரு வயது. வேளச்சேரியில் எங்கள் வீடு தரைத்தளம். ராத்திரி பத்து மணிக்குக் கணுக்கால் அளவு இருந்த தண்ணீர், விடிவதற்குள் கட்டில் அளவுக்கு வந்தது. மாடி வீட்டு ஆன்ட்டி வீட்டில் பதினேழு பேர் மூன்று நாள் இருந்தோம். தாத்தா தன்னுடைய கரண்டி, மட்டக்கோல், தூக்குக்குண்டு இருந்த சாக்குப்பையை மட்டும் தோளில் போட்டுக்கொண்டு மாடி ஏறினார். அப்பாவின் சர்டிஃபிகேட் எல்லாம் ஊறிப் போயின.

வேளச்சேரியிலேயே ஏரி இருக்கிறது. நாங்கள் குடியிருந்ததும் தண்ணீர் தங்கும் தாழ்ந்த இடம்தான். யாரை நோக?

காடு இருந்தும் வெள்ளம் வந்ததே என்று நீங்கள் கேட்கலாம். நியாயம்தான். மூன்று சதுர கிலோமீட்டர் காடு அந்த மாதிரி மழையை நிறுத்திவிடாது. ஆனால் இப்படி யோசித்துப் பாருங்கள். மழை காட்டின் மேல் விழும்போது இலையில் கொஞ்சம் தங்கும், சருகில் கொஞ்சம் ஊறும், வேர் வழியாக மண்ணுக்குள் கொஞ்சம் இறங்கும், காத்தான் கொல்லையில் கொஞ்சம் தேங்கும். மிச்சம்தான் வெளியே ஓடும். அதே மழை 668 ஏக்கர் கான்கிரீட் மேல் விழுந்தால்? அவ்வளவும் ஓடும். எங்கே ஓடும்? தாழ்ந்த இடத்துக்கு. அதாவது எங்கள் வீட்டுக்கு.

அடுத்த வருஷமே, 2016 டிசம்பர் 12 அன்று, வர்தா புயல். காட்டிலும் ஏராளமான மரங்கள் சாய்ந்தன. ஆனால் காட்டில் விழுந்த மரம் காட்டுக்குச் செலவு இல்லை. மக்கி மண்ணாகும், கரையானுக்கும் காளானுக்கும் சாப்பாடாகும், விழுந்த இடத்தில் வெயில் பட்டுப் புதுக் கன்று முளைக்கும். கட்டடத்துக்கு நாம் ஒவ்வொரு வருஷமும் தேய்மானம் எழுதுகிறோம். சும்மா விட்டாலே தன் தேய்மானத்தைத் தானே ஈடுகட்டிக்கொள்ளும் சொத்து எந்த லெட்ஜரில் இருக்கிறது, சொல்லுங்கள்?

திரும்ப வாங்கும் விலை

இப்போது நண்பனின் கணக்குக்கு வருகிறேன்.

கிண்டி காட்டுக்கு எதிரே அதிக தூரமில்லாமல் ரேஸ் கோர்ஸ் இருக்கிறது. 2024 செப்டம்பரில் அரசு அதன் குத்தகையை ரத்து செய்தது, விவகாரம் நீதிமன்றத்துக்கும் போனது. அடுத்த மாதமே அந்த நிலத்தில் 118 ஏக்கரைப் பூங்காவும் பசுமைவெளியும் அமைப்பதற்காகத் தோட்டக்கலைத் துறைக்கு மாற்றி ஆணை வந்தது. வெள்ளத்தைத் தாங்க அங்கே குளங்களும் வெட்டினார்கள்.

செய்தியைப் படித்தபோது சந்தோஷமாகத்தான் இருந்தது. பிறகு அந்தப் பழைய எண்கள் நினைவுக்கு வந்தன. போனது 234 ஹெக்டேர், அதாவது 579 ஏக்கர். திரும்ப வாங்கப் பார்ப்பது 118. அதுவும் காடாக அல்ல, பூங்காவாக. பூங்காவை காண்ட்ராக்ட் விட்டு இரண்டு வருஷத்தில் அமைக்கலாம். தடித்த இலை வைத்து வெயிலைத் தாங்கக் கற்றுக்கொண்ட ஒரு காட்டை எந்த டெண்டரில் வாங்குவது?

அக்கவுன்ட்ஸில் 'ரிப்ளேஸ்மென்ட் காஸ்ட்' என்று ஒன்று படித்தோமே, நினைவிருக்கிறதா? ஒரு சொத்தை இழந்தால் அதே மாதிரி இன்னொன்றை வாங்க ஆகும் செலவு. நண்பன் கிண்டியை விற்கும் விலையில் பார்த்தான். 29 ஆயிரம் கோடி. திரும்ப வாங்கும் விலையில் பார்த்தால் அந்தப் பெட்டியில் எழுத எண் இல்லை. விற்கும் விலைக்கும் திரும்ப வாங்கும் விலைக்கும் இவ்வளவு இடைவெளி இருக்கும் சொத்தை எந்த வியாபாரியும் விற்க மாட்டான். மார்வாடி கூட விற்க மாட்டார்!

அவனிடம் இதைச் சொன்னேன். கொஞ்சம் யோசித்துவிட்டு, "சரிடா, ஆனா வாடகை கட்ட முடியாம ஊர விட்டுப் போறவனுக்கு உன் வெளிமான் என்ன பதில் சொல்லும்?" என்றான். அவன் வீட்டில் அந்த மாதம்தான் வாடகை ஏற்றியிருந்தார்கள். மூன்றாவது தடவையாக வீடு மாறுகிறார்கள். அதற்கு என்னிடம் பதில் இல்லை. ஒன்று மட்டும் சொன்னேன். காட்டை எடுத்துப் பிளாட் போட்டாலும் அந்த விலைக்கு நீயும் நானும் வாங்கப் போவதில்லை. 35,000 ரூபாய்க்கு வாங்கியபோதும் நம்மைப் போன்றவர்கள் சுவருக்கு வெளியேதான் நின்றோம். விற்றால் அப்போதும் வெளியேதான் நிற்போம். சும்மா கிடக்கும் வரைக்கும்தான் அந்தக் காற்றிலும் தண்ணீரிலும் நமக்கும் ஒரு பங்கு.

"அது சரி" என்றான். ஒத்துக்கொண்டானா, போதும் விடு என்றானா தெரியவில்லை.

போன மாதம் ஒரு ஞாயிற்றுக்கிழமை தாத்தாவைக் குழந்தைகள் பூங்காவுக்குக் கூட்டிக்கொண்டு போனேன். (காட்டின் உள்பகுதிக்கு நினைத்தவுடன் போக முடியாது, வனத்துறை அனுமதி வேண்டும். குழந்தைகள் பூங்காவுக்கும் பாம்புப் பண்ணைக்கும் டிக்கெட் வாங்கிக்கொண்டு யாரும் போகலாம்.) உள்ளே பிள்ளைகளின் கூச்சல். ஒரு மரத்தடியில் உட்கார வைத்து மோர் வாங்கிக் கொடுத்தேன். வேலிக்கு அந்தப் பக்கம் புள்ளிமான்கள் மேய்ந்துகொண்டிருந்தன.

"அந்தச் செவுரு இன்னும் நிக்குதாடா?" என்று கேட்டார்.

நிற்கிறது என்றேன்.

"பூச்சு விட்டிருக்கா?"

பார்க்கவில்லை தாத்தா, அடுத்த தடவை பார்த்துச் சொல்கிறேன் என்றேன். தலையாட்டிவிட்டு மோரைக் குடித்தார்.

அடுத்த முறை சர்தார் படேல் சாலையில் பஸ் ஜன்னலோரம் உட்கார்ந்து போகும்போது, மொபைலை ஒரு நிமிஷம் உள்ளே வைத்துவிட்டு அந்தச் சுவருக்கு மேலே தெரியும் பச்சையைப் பாருங்கள். கோடையிலும் பச்சையாகத்தான் இருக்கும். ஏன் என்று இப்போது உங்களுக்குத் தெரியும்.